திருகோணமலைக் கப்பற்றளம்: தோற்றமும் கைமாற்றமும்

துறைமுகம் வேறு, கப்பற்றளம் வேறு. இவ்விரண்டினையும் ஒன்றெனக் கொள்ளும் வழக்கம் நம்மவரிடையே மிகுதியாக உண்டு. துறைமுகம் இயற்கை அளித்தது. மலையும் முனையும் கடலை அணைத்து நிற்க, ஆழமும் அமைதியும் ஒருங்கே வாய்த்த நீர்ப்பரப்பு அது. கப்பற்றளமோ மனிதர் கைப்பட உண்டாவது. பழுதுற்ற கலத்தைச் செப்பனிடவும், முறிந்த பாய்மரத்தை மாற்றவும், கயிறு, தார், வெடிமருந்து, உணவு, நன்னீர் என்பவற்றை ஏற்றவும் வேண்டிய பட்டறைகளும் பண்டகசாலைகளும், அவற்றில் உழைக்கும் கைகளும் ஒருங்கு கூடிய இடமே கப்பற்றளம் எனப்படும். திருகோணமலை மக்கள் இதனை 'டொக்யாட்' என்றே வழங்குவர். அப்பெயரால் ஒரு வீதியும் அங்கு உண்டு.

திருகோணமலைத் துறைமுகத்தின் பெருமையைப் பேசியவர் பலர். கப்பற்றளத்தைப் பற்றிப் பேசியவர் சிலர். அத்தளத்தில் உழைத்தவரைப் பற்றிப் பேசியவர் அவரினும் சிலரே. நாம் ஈண்டு ஆராயப் புகுவது, இத்தளம் எக்காரணத்தால் தோன்றிற்று, அதனைக் கட்டியவர் விட்டகன்ற பின்னர் அதன் நிலமும் கட்டடமும் தாங்கிகளும் எவ்வெவ்வாறு பயன்பட்டன, அதனை நம்பி வாழ்ந்த மக்கள் என்னாயினர் என்பனவற்றையே.

முதற்கண் காற்றைப் பற்றிச் சிறிது அறிதல் வேண்டும். பாய்க்கப்பற் காலத்தில் வரலாற்றை நடத்தியது காற்றே என்றால் மிகையாகாது. சோழமண்டலக் கரை முழுவதிலும் பெரிய போர்க்கப்பல்கள் ஒதுங்கி நிற்கத்தக்க இயற்கைத் துறைமுகம் ஒன்றேனும் இல்லை. சென்னப்பட்டினத்தில் கப்பல்கள் திறந்த கடலிலேயே நங்கூரமிட்டு நிற்கும். ஆளும் பொருளும் அலைமேற் படகேறியே கரை சேரவேண்டும். ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் வாடைக்காற்றும் புயலும் எழுந்தால் அங்கு நிற்பது தற்கொலைக்கு ஒப்பாகும். ஆதலின் ஆங்கிலேயரின் போர்க்கப்பற் கூட்டங்கள் அப்பருவத்திற் கிழக்குக் கரையைக் கைவிட்டு நெடுந்தூரஞ் சென்று பம்பாயில் ஒதுங்குவது வழக்கமாயிற்று. அவை மீண்டு வருவதற்குள் கிழக்குக் கடல் காவலின்றிக் கிடக்கும். வாடைக்கும் சோளகத்துக்கும் ஒருசேர அஞ்சாது ஆண்டு முழுவதும் கப்பல் நிற்கத்தக்க இடம் அக்கடலின் மேற்குப் புறத்தில் ஒன்றே உண்டு. அது திருகோணமலை.

தளம் எதுவும் தோன்றுதற்கு நெடுங்காலம் முன்னரே இங்கே கப்பல் திருத்த வந்தோர் உளர். 1659 ஆம் ஆண்டின் இறுதியில் மசூலிப்பட்டினத்துக் கடலிற் புயலில் அகப்பட்டுப் பாய்மரத்தை இழந்த 'ஆன்' என்னும் ஆங்கிலக் கப்பல், புதிய பாய்மரம் நாட்டிக் கொள்ளும் பொருட்டே கொட்டியாரக்குடாவை வந்தடைந்தது. மறு ஆண்டில் அதன் தலைவரும் அவர் மகன் றொபேட் நொக்சும் கண்டியரசன் இரண்டாம் இராசசிங்கனின் ஆட்களாற் பிடிக்கப்பட்டதும், மகன் ஏறத்தாழ 19 ஆண்டு சிறையிருந்து தப்பியோடி நூல் எழுதியதும் மாணவர் அறிந்த கதை. அக்கதையின் தொடக்கத்தில் ஒரு பாய்மரத் திருத்தம் இருப்பதை மட்டும் நாம் மறந்து விடுகின்றோம்.

போர்த்துக்கீசர் 17 ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிற் கோணேசர் ஆலயத்தை இடித்து அக்கற்களைக் கொண்டு கோட்டை அமைத்தனர். ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றினர். உட்டுறைமுகத்தைக் காக்க ஒஸ்ரன்பேர்க் முனையிலும் அரண் செய்தனர். எனினும் இவர்கள் காவலையே பெரிதெனக் கருதினர். திருகோணமலை ஒரு கப்பற்படைக்கு உயிர்நிலை என்பதை உலகுக்குத் தெளிவாகக் காட்டிய ஆண்டு 1782. அவ்வாண்டு ஜனவரியில் ஆங்கிலத் தளபதி எட்வேட் ஹியூஸ் ஒல்லாந்தரிடமிருந்து கோட்டைகளைப் பறித்தார். ஓகஸ்ட் இறுதியிற் பிரெஞ்சுத் தளபதி சுப்ரான் அவற்றைத் தாம் கைப்பற்றினார். சில நாட் கழித்து, செப்டெம்பர் 3 இல், இருவர் படைகளும் துறைமுகத்துக்கு வெளியே கடும்போர் புரிந்தன. வென்றவர் எவருமிலர். ஆயினும் போரின் பின் ஹியூஸ் பழுதுபார்க்கப் பம்பாய் நோக்கி நீண்ட வழி செல்ல நேர்ந்தது. சுப்ரானுக்கோ அடுத்த ஆண்டு தமது கலங்களைச் சீராக்கத் திருகோணமலையே கையில் இருந்தது. போரின் பயனைத் தீர்மானிப்பது பீரங்கி மட்டுமன்று, பட்டறையும் என்பதற்கு இதனினும் நல்ல எடுத்துக்காட்டு வேண்டுவதில்லை.

சமாதான உடன்படிக்கையால் ஊர் மீண்டும் ஒல்லாந்தர் கைக்குச் சென்றது. 1795 இற் பிரித்தானியர் அதனை மறுபடி கைப்பற்றினர். 1802 இல் எழுந்த அமியேன் உடன்படிக்கை அவர் உரிமையை உறுதி செய்தது. 1810 களிற் சென்னையில் இருந்த கடற்படைத் தளத்தின் வேலை திருகோணமலைக்கு மாற்றப்பட்டது. நாம் இன்று டொக்யாட் என்று சொல்லும் தளத்தின் தொடக்கம் இதுவே.

அங்கு நிகழ்ந்த வேலை யாது? மரக்கலத்துக்குப் பகை இரண்டு. ஒன்று அடிமரத்தைத் துளைக்கும் கடற்புழு. மற்றொன்று அடிப்புறத்தில் ஒட்டி வளரும் கொட்டலசும் பாசியும். முன்னது கலத்தை அழிக்கும். பின்னது அதன் வேகத்தைக் குறைக்கும். இவற்றைப் போக்கக் கலத்தின் பாரத்தை இறக்கி, பாய்மரத்திற் கயிறு பூட்டி இழுத்து, ஒரு பக்கமாகச் சாய்த்து, வெளிப்பட்ட அடிப்புறத்தைச் சுரண்டித் துப்புரவு செய்வர். பலகை இடுக்குகளிற் பஞ்சும் கயிற்று நாரும் திணித்துத் தார் பூசுவர். இதனையே தமிழ்க் கடலோடிகள் கலப்பற்று என்றனர். ஓடாவி என்ற சொல்லை இன்று நாம் வீட்டுக் கதவும் யன்னலும் செய்பவருக்கு வழங்குகின்றோம். அச்சொல் கப்பல் கட்டும் தச்சரையும் குறித்தது என்பதை நினைக்குந்தோறும், கிழக்குக் கரையிலே எத்தகைய கைத்திறன் இருந்ததென்பது புலனாகும்.

இத்தளத்துக்கு ஒரு பெருங்குறை இருந்தது. பம்பாயில் 18 ஆம் நூற்றாண்டிலேயே உலர்துறைகள் அமைந்தன. அங்கே கடலின் வற்றுக்கும் பெருக்குக்கும் உள்ள வேறுபாடு மிகப் பெரிது. பெருக்கிற் கதவைத் திறந்து கப்பலை உள்ளே விட்டு, வற்றில் நீரை வடியவிட்டுக் கதவை அடைத்தால், மிகுதி நீரை இறைத்தல் எளிது. திருகோணமலையில் அவ்வேறுபாடு மூன்றடிக்கும் குறைவு. ஆதலால் எந்நேரமும் கப்பலைத் தாங்கும் ஆழத்தைத் தந்த அதே கடல், உலர்துறை அமைப்போர்க்கு உதவவில்லை. பாய்மரம், கயிறு, சாய்த்துச் செய்யும் சிறு திருத்தம், பண்டம் வழங்கல் என்பனவே இத்தளத்தின் தொழில்களாயின. பேரளவிலான திருத்தத்துக்குக் கப்பல்கள் பம்பாய் சென்றன. இக்குறை நூற்றிருபது ஆண்டு கழித்து ஒரு பெருவிபத்துக்கு வழிகோலியதைப் பின்னர்க் காண்பாம்.

இவ்விடத்து ஒரு சிறு செய்தி. 1817 ஒக்டோபரிற் பம்பாயில், வாடியா குடும்பத்துப் பார்சிக் கப்பற்கலைஞர் மலையாளத் தேக்கினால் ஒரு போர்க்கப்பலைக் கட்டி முடித்துக் கடலில் இறக்கினர். அதற்குத் 'திருகோணமலை' என்றே பெயரிட்டனர். பின்னர் அது வேறு பெயர் பூண்டு இளைஞருக்குப் பயிற்சிக் கப்பலாக நெடுங்காலம் உழைத்தது. இன்று வட இங்கிலாந்தின் ஹாட்டில்பூல் நகரில், பழைய பெயரை மீளப் பெற்று, செப்பனிடப்பட்டு மிதந்து கொண்டிருக்கின்றது. பிரித்தானியப் போர்க்கப்பல்களுள் இன்றும் நீரில் மிதப்பவற்றில் மிகப் பழையது அதுவே. இவ்வூரின் பெயரைத் தாங்கிய கலத்துக்கு இத்துணைப் பேணல் வாய்த்தது. இன்னொரு செய்தியும் உண்டு. ஆங்கில நாவலாசிரியை ஜேன் ஒஸ்ரினின் இளைய சகோதரர் சாள்ஸ் ஒஸ்ரின் கிழக்கிந்தியக் கடற்படைத் தலைவராக இருந்து 1852 இற் பர்மாவில் நோயால் இறந்தார். அவர் உடல் அடக்கஞ் செய்யப்பட்டது திருகோணமலையிலேயே. ஆங்கில இலக்கியம் பயிலும் மாணவர் சென்று காணத்தக்க இடம் அது.

நீராவிக் கப்பல் வந்தது. காற்றின் ஆட்சி ஒழிந்தது. 1869 இற் சுயஸ் கால்வாய் திறக்கப்பட்டபின் கீழைத்தேயக் கடல்வழி இலங்கையின் தென்மேற்குக் கரையை ஒட்டிச் சென்றது. கொழும்பிலே அலைதடுப்பு அணை 1875 இல் தொடங்கி 1885 அளவில் முற்றுப்பெற, செயற்கைத் துறைமுகம் இயற்கைத் துறைமுகத்தை வென்றது. வணிகக் கப்பல் வராத இடத்திற் போர்க்கப்பல் மட்டும் நிற்பது வீண் செலவென்று இலண்டனிற் கணக்கிட்டனர். 1904 இற் பிரித்தானியக் கடற்படையின் தலைமையேற்ற ஜோன் பிஷர், படைகளைத் தாய்நாட்டுக் கடலை நோக்கித் திரட்டும் கொள்கையினர். அவர் மூடுவித்த தூரதேசத் தளங்களுள் திருகோணமலையும் ஒன்று. 1905 இற் பட்டறைகள் அடங்கின. நூற்றாண்டளவாக ஓர் ஊரின் பிழைப்பாக இருந்த தொழில் ஆறாயிரம் மைலுக்கு அப்பால் எழுதப்பட்ட ஓர் ஆணையால் நின்று போயிற்று. இதனை முதல் மூடல் என்று குறித்துக் கொள்வோம். இரண்டாவது மூடல் பின்னர் வரும்.

முதலாம் உலகப் போரின் பின்னர்க் காற்று மறுபடியும் மாறியது. இம்முறை அது எண்ணெயின் காற்று. போர்க்கப்பல்கள் நிலக்கரியை விட்டு எண்ணெயில் ஓடத் தொடங்கின. சிங்கப்பூரிற் பெருந்தளம் அமைத்து, ஆபத்து வந்தால் ஐரோப்பாவிலிருந்து படையை அங்கே அனுப்புவதென்று பிரித்தானியர் திட்டமிட்டனர். நெடுவழியிற் கப்பல்களுக்கு எண்ணெய் வேண்டும். அதற்கென 1920 களிலும் 1930 களிலும் சீனக்குடாவுக்கு அருகே காட்டினிடையே, ஏறத்தாழ 850 ஏக்கர் நிலத்தில், மாபெரும் உருக்குத் தாங்கிகளை வரிசை வரிசையாக நிறுத்தினர். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 12,000 தொன் கொள்ளும். மதில் சூழ்ந்தும், மரங்களால் மறைந்தும் அவை நின்றன. 1927 இற் புகையிரதப் பாதையும் திருகோணமலையை வந்தடைந்தது. தூங்கிய ஊர் மீண்டும் கண் விழித்தது.

விழித்தவுடன் போர் வந்தது. 1942 பெப்ரவரி 15 இற் சிங்கப்பூர் வீழ்ந்தது. ஏப்ரில் 5 இற் கொழும்பின்மீதும், 9 ஆம் நாட் காலை திருகோணமலைமீதும் யப்பானிய விமானங்கள் குண்டு பொழிந்தன. துறைமுகத்தில் நின்ற கப்பல்கள் முதல்நாள் இரவே வெளியே அனுப்பப்பட்டமையால் இழப்புக் குறைந்தது என்று சொல்லக் கூடுமாயினும், அவ்வாறு வெளியேறிய விமானந்தாங்கிக் கப்பல் 'ஹேர்மிஸ்' மட்டக்களப்புக் கடலிற் கண்டுபிடிக்கப்பட்டு மூழ்கடிக்கப்பட்டது; அதனில் மாண்டோர் 307 பேர். தளமும் சீனக்குடா விமானத் தளமும் சேதமுற்றன. எண்ணெய்த் தாங்கி ஒன்றும் வீழ்ந்த விமானத்தால் எரிந்து பல நாட் புகைந்தது. துறைமுகத்தில் நின்ற 'சகாயிங்' என்னும் சரக்குக் கப்பல் தீப்பற்றி எரிந்தது. எரிந்த கூட்டினை வீணாக்காது 1943 ஓகஸ்டில் அதனைக் கரையோரம் வேண்டுமென்றே அமிழ்த்தி இறங்குதுறையாகப் பயன்படுத்தினர். பழையதைப் புதிய காரியத்துக்கு ஆக்குதல் என்ற நமது பொருளுக்கு இதுவே மிகச் சுருக்கமான உதாரணம்.

1944 இற் கீழைத்தேயப் படை மீண்டு வந்து திருகோணமலையிற் குவிந்தது. அவ்வாண்டு ஏப்ரிலிலும் ஜூலையிலும் சுமாத்திராவின் சபாங் மீது நடத்திய தாக்குதல்கள் இங்கிருந்தே புறப்பட்டன. ஆனால் முன்னர் நாம் குறித்த பழைய குறை இப்போது தலை தூக்கிற்று: பெரும் போர்க்கப்பலைத் தூக்கி நிறுத்த உலர்துறை இல்லை. ஆகவே பம்பாயிற் கட்டப்பட்ட, 50,000 தொன் தாங்கும் மிதவைத்துறை ஒன்று இழுத்து வரப்பட்டது.

மிதவைத்துறை இயங்கும் முறையை இளைய மாணவர் பொருட்டு விளக்குவாம். அது இருபுறமும் சுவருடைய பெரிய தொட்டி போன்றது. அதன் அடியறைகளில் நீரை நிரப்பினால் துறை தாழும். கப்பல் உள்ளே வந்து நிற்கும். பின் நீரை வெளியேற்றினாற் கப்பலைச் சுமந்துகொண்டு துறை மேலெழும். எந்த அறையின் நீரை எப்போது, எவ்வளவு வெளியேற்றுவது என்பதிலேயே இதன் நுட்பம் அடங்கும். கப்பலின் பாரம் நடுப்பகுதியில் மிகுந்தும் முனைகளிற் குறைந்தும் இருப்பதால், அதற்கேற்ப அறைகளின் நீரையும் கணக்கிட்டே வெளியேற்றல் வேண்டும். 1944 ஓகஸ்ட் 8 இல் 'வேலியன்ற்' என்ற பெரும் போர்க்கப்பல் இதில் ஏற்றப்பட்டது. வெடிகுண்டும் பண்டமும் நிறைந்திருந்த அக்கப்பலின் பாரம் எங்கெங்கு எவ்வளவு என்பதற்கு இயைய நீர் இறைக்கப்படவில்லை. துறை முதுகு முறிந்து கப்பலோடு தாழ்ந்தது. கப்பலின் உலைகளில் நீராவி தயாராக இருந்ததாலும், நீர்புகாக் கதவுகள் அடைபட்டிருந்ததாலும் கப்பல் மூழ்காது தப்பியது. எனினும் அதன் உள்விசிறிகளும் சுக்கானும் நொறுங்கின. பகைவர் குண்டுக்குத் தப்பிய கப்பல் கணக்குப் பிழையொன்றினாற் போரினின்றும் நீங்கிற்று. கணிதம் கற்பிக்கும் ஆசிரியர் வகுப்பிற் சொல்லத்தக்க கதை இது. முறிந்த மிதவைத்துறையின் சிதைவு இன்றும் அந்நீரின் அடியிலே கிடக்கின்றது. சுழியோடிகள் அதனை நன்கறிவர்.

இனி இரண்டாவது மூடல். 1948 இல் இலங்கை சுதந்திரம் பெற்றபோதும், முன்னைய ஆண்டின் பாதுகாப்பு உடன்படிக்கைப்படி தளம் பிரித்தானியரிடமே இருந்தது. 1956 இற் பதவிக்கு வந்த எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்கா, அணிசேராக் கொள்கையினர். அந்நியப் படைத்தளம் நாட்டில் இருத்தல் ஆகாதென்றார். அவ்வாண்டின் சுயஸ் நெருக்கடி அவர் வாதத்துக்கு வலுவூட்டிற்று. 1957 ஒக்டோபர் 15 இற் கடற்படைத் தளம் இலங்கையிடம் கையளிக்கப்பட்டது. அடுத்த மாதம் கட்டுநாயக்கா விமானத் தளமும் அவ்வாறே ஆயிற்று. தேசத்தின் தன்மானத்துக்கு இது வேண்டுவதே. அதில் ஐயமில்லை. கொடி இறங்கியதைப் பற்றியும் கொடி ஏறியதைப் பற்றியும் அக்காலத்திற் பலர் எழுதினர்.

நாம் கேட்க விரும்புவது வேறொரு வினா. அந்த வாயிலுக்குள் விடியற்காலையில் நுழைந்து மாலையில் வெளிவந்த மக்கள் என்னாயினர்? தமிழரும் சிங்களவரும் முஸ்லிம்களும் மலையாளிகளும் மலையகத்திலிருந்து வந்தோரும் அங்கே வேலை செய்தனர். பொருத்துநர், ஓடாவியர், கொல்லர், வர்ணம் பூசுவோர், எழுதுவினைஞர், சுமை தூக்குவோர் என அவர் பலதிறத்தினர். தேசம் தளத்தைப் பெற்றது. அவரோ பிழைப்பை இழந்தனர். வேலையிழந்த ஏறத்தாழ 400 தமிழ்த் தொழிலாளரைப் பொலனறுவைப் பகுதியிற் குடியமர்த்த அரசாங்கம் எண்ணிற்று. அங்கிருந்த சிங்களக் குடியேற்றவாசிகள் பலர் அதனை எதிர்த்துத் திரண்டனர். அடுத்த மே மாதம் நாடெங்கும் மூண்ட வன்செயல் முதன்முதலிற் பற்றிக்கொண்ட இடங்களுள் அப்பகுதியும் ஒன்று. மே 27 இல் அவசரகால நிலை பிரகடனஞ் செய்யப்பட்டது. 1958 இன் துன்பங்களுக்குக் காரணம் பல. அவற்றையெல்லாம் ஒரு தளத்தின் வாயிலிற் கொண்டுவந்து நிறுத்துவது நீதியாகாது. ஆனால் ஒரு தொழிற்றலத்தை மூடுவோர் தொழிலாளருக்கு முன்னேற்பாடு செய்யாது விடின், அக்கவலை எங்கெங்கோ சென்று எப்படி எப்படியோ வெடிக்கும் என்பதற்கு இவ்வரலாறு சான்று. தந்தையோ பாட்டனோ டொக்யாட்டில் வேலை பார்த்த பழைய மாணவர், அவர் சொல்லிய தொழிற் சொற்களையும் சம்பவங்களையும் இன்றே எழுதி வைப்பாராக. 1957 இல் இருபது வயதினராக இருந்தவர் இப்பொழுது எண்பத்தைந்தைக் கடந்தவர்.

ஒப்புநோக்க ஓரிடம் காட்டுவோம். இங்கிலாந்தின் மெட்வே ஆற்றங்கரையிலுள்ள சதாம் தளம் முதலாம் எலிசபெத்து காலத்தது. நெல்சனின் 'விக்ரறி' கட்டப்பட்டதும் அங்கேயே. 1981 இல் அதனை மூடப்போவதாக அறிவித்து 1984 மார்ச் 31 இல் மூடினர். ஏறத்தாழ 7,000 பேர் வேலை இழந்தனர். அவ்வூரும் பல்லாண்டு வாடிற்று. ஆனால் 400 ஏக்கர் நிலத்தை மூன்றாகப் பகுத்தனர். பழைய கட்டடங்கள் மிகுந்த 80 ஏக்கரை ஓர் அறக்கட்டளையிடம் ஒப்படைத்தனர். ஒரு பகுதி வணிகத் துறைமுகமாயிற்று. ஒரு பகுதியில் வீடுகளும் அலுவலகங்களும் எழுந்தன. அருகிருந்த கடற்படை முகாமிற் பல்கலைக்கழகங்கள் புகுந்தன. எல்லாவற்றினும் எம்மைக் கவர்ந்தது கயிற்றுச்சாலை. 18 ஆம் நூற்றாண்டின் இறுதியிற் கட்டப்பட்ட அது 1,100 அடிக்கு மேல் நீளமுடையது. அங்கே இன்றும் கயிறு திரித்து விற்கின்றனர். கட்டடத்தோடு தொழிலும் பிழைத்தது. ஆயினும் சதாமின் வழியைத் திருகோணமலையில் அப்படியே பின்பற்றியிருக்க முடியாது. சதாமுக்குப் படைத்தேவை தீர்ந்துவிட்டது. இலங்கைக்கோ 1950 இற் பிறந்த இளங் கடற்படைக்கு ஒரு வீடு வேண்டியிருந்தது.

ஆகவே தளத்தின் பெரும்பகுதி கடற்படைக்கே மீண்டும் ஆயிற்று. இன்று கிழக்குப் பிராந்தியக் கடற்படைத் தலைமையகம் அங்கே உண்டு. 1967 இற் கடற்படைக் கல்லூரியும் அங்கே தொடங்கப்பட்டது. அதிகாரிகளைப் பயிற்றும் கலாசாலையாக அது வளர்ந்துள்ளது. ஒஸ்ரன்பேர்க் முனையிற் பழைய பீரங்கிகளைக் கொண்டு ஹூட் கோபுர அருங்காட்சியகம் அமைந்துள்ளது. இவை தக்க பயன்களே. ஆயின் பாதுகாப்பு வலயமாதலின், ஊரவர் விரும்பியபோது உட்சென்று காணத்தக்க இடமன்று அது. உள்நாட்டுப் போர் நிகழ்ந்த ஆண்டுகளில் ஊருக்கும் தளத்துக்கும் இடையே இருந்த தூரம் ஒரு வேலியின் தூரமாக மட்டும் இருக்கவில்லை. அக்கரையிற் பண்டம் ஏற்றி இறக்கும் வேலை வேறு வகையில் வளர்ந்தது. உட்டுறைமுகக் கரையிற் பிறீமா மா ஆலையும், 1980 களில் ரோக்கியோ சீமெந்துத் தொழிற்சாலையும் எழுந்தன. ஆழமான கடல் என்ற பழைய செல்வத்தைக் கோதுமைக் கப்பலும் சீமெந்துக் கப்பலும் நுகர்கின்றன. இங்கு வேலை பெற்றோர் பலர். கலந் திருத்தும் கைத்திறன் மட்டும் ஊரின் பொதுத் தொழிலாக மீளவில்லை.

எண்ணெய்த் தாங்கிகளின் கதை இன்னும் வியப்பானது. மொத்தம் 101 என்று சொல்லப்படும் அவற்றுள் எஞ்சியவை 99; மேற்றொகுதியில் 84, கீழ்த்தொகுதியில் 15. அனைத்தும் நிரம்பினாற் பத்து இலட்சம் தொன்னுக்கு மேற்பட்ட எண்ணெய் கொள்ளும். 1960 களில் இலங்கை அரசாங்கம் இவற்றை வாங்கிற்று. வாங்கியபின் நிகழ்ந்ததோ பெரும்பாலும் காத்திருத்தலே. சிறிய நாடொன்றின் எண்ணெய்த் தேவைக்கு அத்தாங்கிகள் மிகப் பெரிய தொகுதி. அதனால் மேற்றொகுதியைக் காடு மூடிற்று. உருக்கு துருவேறியது, மதிலின்மேல் ஆலும் அரசும் வேரூன்றின. 1987 ஜூலை 29 இல் இந்திய-இலங்கை உடன்படிக்கையோடு பரிமாறப்பட்ட கடிதங்களில் இத்தாங்கிகளை இரு நாடும் கூடிச் சீரமைப்பது பற்றிய வாசகம் இடம்பெற்றது. 2003 இற் செய்யப்பட்ட ஏற்பாட்டின்படி அவை 35 ஆண்டுக்கு லங்கா ஐ. ஓ. சி. நிறுவனத்தின் பொறுப்புக்கு வந்தன. ஆயினும் கீழ்த்தொகுதியே பயனுக்கு வந்தது. 2022 ஜனவரியில் எழுந்த புதிய உடன்படிக்கை, 14 தாங்கிகளை அந்நிறுவனத்துக்கும், 24 ஐ இலங்கைப் பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்கும், மிகுதி 61 ஐ இருவரும் சேர்ந்து அமைக்கும் கம்பனிக்கும் வகுத்தது. கூட்டுக் கம்பனியில் நூற்றுக்கு 51 பங்கு கூட்டுத்தாபனத்தினுடையது.

இத்தாங்கிகளைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் வல்லரசுகளின் போட்டியையே எழுதுவர். நாம் அதனை மறுக்கவில்லை. ஆனால் நூறாண்டுக்கு முன் ஆணியடித்துப் பொருத்திய தகடுகளிற் பல இன்னும் நிற்கின்றன என்பது பொறியியல் பயிலும் எம் மாணவருக்கு வேறொரு செய்தியையும் சொல்லும். அவற்றுள் எவை திருத்தத்தக்கன, எவை அகற்றத்தக்கன என்று அளந்து பார்க்கும் வேலையும், பழைய குழாய்வழிகளைச் சீரமைக்கும் வேலையும் இவ்வூரின் தொழினுட்பக் கல்லூரிகளிற் பயின்ற இளைஞருக்குக் கிடைக்குமாயின், 1957 இல் அறுந்த இழை ஒன்று மீண்டும் முடிச்சிடப்படும். கூட்டுக் கம்பனியின் பங்கு வீதத்தை ஆராய்வதிற் காட்டும் ஊக்கத்தை இவ்விடயத்திலும் காட்டுதல் தகும்.

இறுதியாக அந்த எரிந்த கப்பலுக்கு மீள்வோம். இறங்குதுறையாக அமிழ்த்தப்பட்ட 'சகாயிங்' ஏறத்தாழ 75 ஆண்டு அங்கேயே கிடந்தது. போர்க்கால அவசரத்துக்கு உதவிய கூடு, தளத்தில் இறங்குதுறையை விரிவாக்க முற்பட்டபோது இடையூறாயிற்று. 2017 இல் இலங்கைக் கடற்படையின் சுழியோடிகள் வேலையைத் தொடங்கினர். பல மாதங்கள் நீரடியில் நின்று, சேற்றை அகற்றி, ஓட்டைகளை அடைத்து, பக்கங்களை வலுப்படுத்தி, உள்ளிருந்த நீரை இறைத்தனர். 450 அடி நீளமான அக்கப்பல் 2018 மார்ச்சில் மறுபடியும் மேலெழுந்து மிதந்தது. 1944 இல் அந்நீரிலேயே ஒரு மிதவைத்துறையை அமிழ்த்திய அதே வேலைதான் இது: எவ்வறையின் நீரை எப்போது வெளியேற்றுவது என்ற கணக்கு. இம்முறை கணக்குச் சரியாக வந்தது.